இரண்டு வலிகளுக்கு நடுவே

“எல்லாத்தையும் திற அக்கா. ஒண்ணு விடாம திற,” என்றாள் நஸிகத்.

“திறந்துக்கிட்டுத்தாண்டி இருக்கேன். எனக்கென்ன நாலு கையா?”

பிள்ளை வர மறுத்தால் அந்த வீட்டில் மூடிக் கிடப்பது எதுவும் மூடிக் கிடக்கக் கூடாது. பெர்மெட் மாவு மூட்டையின் முடிச்சை அவிழ்த்தாள். சேணத்து வார்களைத் தளர்த்தினாள். நஸிகத்தின் சடையைப் பிரித்தாள், தன் சடையையும் பிரித்தாள். பழப்பாகு ஜாடியின் மூடியைக்கூடத் திருகித் திறந்து வைத்தாள். ஈக்கள் அதில் போய் உட்கார்ந்தன. இனி பெட்டிகள்தான் பாக்கி.

மலை மேய்ச்சல் கூடாரத்தில் இருந்தது அவர்கள் இருவர் மட்டுமே. ஓரகத்திகள். மூத்தவன் ஓர்மொனின் மனைவி பெர்மெட். இளையவன் மக்ஸத்தின் மனைவி நஸிகத். ஓர்மொன் விடியும் முன்பே குதிரைகளை ஓட்டிக்கொண்டு மலைமுதுகுக்கு அந்தப் பக்கம் போயிருந்தான். நஸிகத்துக்கு வலி கண்டபோது அவனைக் கூப்பிடக் கூட ஆளில்லை. நாளும் இன்னும் ஒரு மாதம் இருந்தது. அடுத்த வாரம் அவளைக் கீழே ஊருக்குக் கொண்டுபோய் விடுவதாகத்தான் பேச்சு. மக்ஸத் சேணத்தைச் சரியாகக் கட்டக்கூட நிற்காமல் மருத்துவச்சி அனார்கானை அழைக்க ஓடிவிட்டான். கீழே இறங்க மூன்று மணி நேரம். ஏறி வர அதைவிட அதிகம். மதியத்துக்கு மேல் பனி உருகி ஆற்றில் தண்ணீர் ஏறிவிட்டால் மேல் பாலத்தைச் சுற்றித்தான் வரவேண்டும்.

“அக்கா, உண்மையச் சொல்லு. என்ன தெரியுது?”

“கால் தெரியுது.”

“காலா?”

“குட்டிக் கால். அஞ்சு விரலும் இருக்கு. எண்ணிட்டேன்.”

“தலை?”

“தலை பின்னால வரும். ஆட்டுக்குட்டியா இருந்தா கைய உள்ள விட்டு நானே எடுத்துடுவேன். எத்தனையோ எடுத்திருக்கேன்.”

“நான் ஆடா?”

“ஆடு இவ்வளவு பேசாது.”

நஸிகத் சிரிக்கப் பார்த்தாள். அதற்குள் அடுத்த வலி வந்து சிரிப்பைத் தின்றுவிட்டது. பெர்மெட் அவள் வயிற்றில் கை வைத்தாள். வயிறு கல்லாக இறுகி, சற்று நின்று, மெல்ல இளகியது. கை இளகவில்லை. ஆட்டுக்குட்டி செத்தால் ஒரு நாள் வருத்தம். இது அப்படியா?

அனார்கான் வந்துவிட்டால் போதும். கால் முதலில் வந்த பிள்ளைகளை அவள் எடுத்திருக்கிறாள். ஆனால் சூரியன் சாயும் முன் அவள் வரமாட்டாள். அதுவரை நஸிகத் தாங்கமாட்டாள்.

நான்காவது பெட்டியைத் திறந்தபோது அடியில் சிவப்புத் துணியில் சுற்றியது ஒன்று உருண்டு வந்தது. பெர்மெட் அதைச் சட்டென்று மூடப் போனாள். பிறகு, இன்றைக்கு எதையும் மூடக்கூடாதே என்று கையை எடுத்துக்கொண்டாள்.

“அதுதானே?” என்றாள் நஸிகத், முழங்கையில் எழுந்து. “உன் வீட்டுக்காரர் விருந்துக்கு விருந்து சொல்லுவாரே, அந்த இரும்புதானே?”

அதுதான். விரல் நீள இரும்பு வளையமும் நடுவே மெல்லிய எஃகு நாக்கும். பல்லில் பொருத்தி விரலால் நாக்கைத் தட்டினால் வாயே குடமாக அதிரும். மோர்சிங்தான், அந்த மலைநாட்டில் தெமிர் கொமுஸ் என்பார்கள். எந்தப் பெண்ணிடமும் ஒன்று இருக்கும். ஆனால் இந்த வீட்டு மருமகள்களின் கை மாறி வந்த இந்த ஒன்று வேறு மாதிரி. இது ஒலிக்கும்போது சத்தம் எட்டுகிற தூரத்தில் இருப்பதெல்லாம் இருந்தபடி நிற்கும். வாசிப்பவள் நிற்கமாட்டாள். சத்தம் எட்டாத இடத்தில் உலகம் தன்பாட்டுக்குப் போகும். வேட்டைக்குப் போனவர்கள் வரத் தாமதமானால் மாமியார் அடுப்பருகே உட்கார்ந்து வாசிப்பாள். சூப்பின் ஆவி வரை அப்படியே நிற்கும். மாமனார் கத்தத் தொடங்கினால் இதைத்தான் எடுப்பாள். அவர் வாயைத் திறந்தபடி நிற்பார். தன் கோபம் ஆறியதும் நிறுத்துவாள். அவர் விட்ட இடத்திலிருந்து திட்டுவார், அவள் சிரித்துக்கொண்டே தேநீர் ஊற்றுவாள்.

“வாசி அக்கா. அனார்கான் அம்மா வர்ற வரைக்கும் என்னை நிறுத்தி வை.”

“முடியாது.”

“ஏன்? உன்னை நிறுத்தி வச்சாங்களே! கீழே ஊர்ல இருக்கானே உன் பையன், அவன் அப்படித்தானே பிழைச்சான்? நடுப்பகல்ல இருந்து பொழுது சாயற வரைக்கும் அத்தை வாசிச்சாங்களாம். உனக்கு ஒண்ணுமே தெரியலையாம். கண்ணை மூடித் திறந்தியாம், மருத்துவச்சி நின்னாளாம்.”

“யார் சொன்னது?”

“எல்லாரும்தான் சொல்றாங்க.”

எல்லாரும்தான் சொன்னார்கள். பெர்மெட் சொன்னதில்லை. பதினான்கு வருஷமாக அந்தக் கதை ஒவ்வொரு விருந்திலும் இறைச்சித் தட்டோடு சேர்ந்து வரும். அவள் தேநீர்க் கிண்ணங்களை நிரப்பிக்கொண்டே கேட்பாள். கண்ணை மூடியது உண்மை. திறந்ததும் உண்மை. நடுவில் என்ன இருந்தது என்று யாரும் கேட்கவில்லை.

அன்று அவள் அலறிய அலறலில் மாமியார் பதறிப்போய் இரும்பை வாயில் வைத்தாள். வலியின் உச்சி அது. அந்த உச்சியிலேயே பெர்மெட் நின்றாள். உடம்புதான் நின்றது. அவள் உள்ளே விழித்துக்கொண்டிருந்தாள். வலி ஏறவும் இல்லை, இறங்கவும் இல்லை. மூச்சுவிட முடியாது, கத்த முடியாது. காதில் அந்த இரும்பின் ஒரே ஒரு அதிர்வு மட்டும் நீண்டுகொண்டே போனது, நடுப்பகலிலிருந்து பொழுது சாயும்வரை. பிறகு பிள்ளை பிறந்தது, உயிரோடு. மாமியாரின் உதடு கிழிந்து வீங்கியிருந்தது. “தூங்குற மாதிரி கண்ண இறுக்கி மூடிக்கிட்டு இருந்தாடா என் மருமக,” என்று அவள் எல்லாரிடமும் சொன்னாள். தன் பிள்ளையைக் காப்பாற்றிய வாயைப் பார்த்து என்ன குறை சொல்வது? மாமியார் இறந்ததும் பெர்மெட் இரும்பைத் துணியில் சுற்றிப் பெட்டிக்கடியில் போட்டாள்.

“அக்கா! கெஞ்சறேன்!” அடுத்த வலி வந்துவிட்டது. “இப்பவே, இப்பவே!”

“இப்ப மாட்டேன்!” பெர்மெட்டின் குரல் அவளுக்கே அந்நியமாக இருந்தது. “கேளுடி. வாசிக்கறேன். ஆனா வலி விட்டதும்தான் வாசிப்பேன். வலியில நீ தலைகீழா நின்னாலும் கை வைக்க மாட்டேன்.”

“எதுக்கு… எதுக்கு அந்தக் கணக்கு?”

“சொல்ற நேரமா இது? மூச்சு விடு.”

கணக்கு இதுதான். சூடான சூப்பை நிறுத்தினால் சூடாகவே நிற்கிறது. கோபமான மனுஷனை நிறுத்தினால் கோபத்தோடுதான் திரும்புகிறான். எந்த நிலையில் பிடிக்கிறோமோ அந்த நிலையே நிற்கும். வலிக்கும் வலிக்கும் நடுவே வயிறு இளகும் அந்தக் கொஞ்ச நேரத்தில் பிடித்தால்? இளகியே நிற்கும். நிற்க வேண்டும். பெர்மெட் இதைப் பதினான்கு வருஷமாக யோசித்து வைத்திருந்தாள். சரியா தப்பா என்று யாரிடம் பரிசோதிப்பது? தப்பாக இருந்தால், தான் நின்ற இடத்தில் இந்தப் பெண்ணையும் நிறுத்தியவள் ஆவாள்.

வாசிக்க இரண்டு கையும் வேண்டும். ஆகவே காலை மடக்கி, முழங்காலை நஸிகத்தின் வயிற்றோடு ஒட்டி உட்கார்ந்தாள். இரும்பைப் பாவாடையில் துடைத்துப் பல்லில் வைத்தாள். முழங்காலுக்குக் கீழே கல். கல். கல்தான் இன்னும். பிறகு, ரொட்டிமாவு கைச்சூட்டில் தளர்வதுபோல, மெல்ல…

“அப்பாடா,” என்றாள் நஸிகத். “அக்கா, பக்கத்து வீட்டுக்காரி எங்கிட்ட அப்பவே சொன்னா, மலைக்குப் போகாதேன்னு. அவ ஒரு—”

பெர்மெட் நாக்கைத் தட்டினாள்.

கெண்டியிலிருந்து எழுந்த ஆவி எழுந்தபடி நின்றது. பழப்பாகு ஜாடிக்கு மேலே ஒரு ஈ காற்றில் தைத்த மாதிரி நின்றது. நஸிகத்தின் வாய் அந்தச் சொல்லுக்குத் திறந்தபடி இருந்தது. முழங்காலின் கீழ் வயிறு மென்மையாக, மென்மையாகவே இருந்தது.

நகர்ந்தது வெயில் ஒன்றுதான். கூரையின் வட்டத் திறப்பு வழியே விழுந்த வெயில் வட்டம் அப்போது இரண்டாவது பெட்டியின் மேல் கிடந்தது. அதற்குக் காது கேட்காது. அது பெட்டியிலிருந்து இறங்கி, கம்பளத்தின் ஆட்டுக்கொம்புப் பூவைத் தாண்டி, அடுப்பின் காலை எட்டியது. பெர்மெட் தட்டினாள், மூச்சை இழுத்தாள், விட்டாள், தட்டினாள். நாலைந்து மூச்சுக்கு மேல் இடைவெளி விட்டால் பிடி நழுவிவிடும். ஒரு நிமிஷம் வாய் சும்மா இருக்காத பெண் என்று ஊரெல்லாம் பெயரெடுத்தவள் அவள். அந்த வாய்க்கு இப்போது வேறு வேலை. நஸிகத்திடம் சொல்ல எவ்வளவோ வந்தது. எல்லாம் இரும்பில் மோதி உடைந்து வெறும் அதிர்வாகப் போயிற்று.

வெயில் வட்டம் மருந்துப் பை தொங்கும் கழியை எட்டியபோது வெளியே துப்பாக்கி வெடித்தது.

ஒருமுறை. இன்னொரு முறை. அதைத் தொடர்ந்து கொப்பரையை இரும்புக் கரண்டியால் அடிக்கும் ஓசை, ஒரு ஆணின் தொண்டை கிழியும் கத்தல். கம்பளிச் சுவரைக்கூடத் தாண்டாத இரும்பின் சன்னமான குரல் அதில் முழுகிப் போயிற்று. ஈ பறந்தது.

“—பெரிய வாயாடி,” என்று முடித்தாள் நஸிகத். உடனே வலி அவளை மடக்கிப் போட்டது.

பெர்மெட் இரும்பை வாயிலிருந்து பிடுங்கினாள். “யாரது? நிறுத்துங்க! நிறுத்துங்கன்னா!”

கொப்பரை நின்றது. கம்பளிச் சுவருக்கு வெளியே மூச்சிரைப்பு கேட்டது.

“பெர்மெட்? உயிரோட இருக்கியா?” ஓர்மொன்தான்.

“நான் இருக்கேன்! நீங்க எதுக்கு ஊரைக் கூட்டறீங்க?”

“மக்ஸத்தோட குதிரை இல்ல, கதவுத்திரை இறங்கியிருக்கு, சின்னவளுக்கு நேரம்னு புரிஞ்சுபோச்சு. ஆனா உள்ள ஒரு சத்தமும் இல்ல. பிள்ளை பெறுற வீட்டில சத்தமில்லைன்னா என்ன அர்த்தம்? அல்பார்ஸ்தி வந்துட்டான்னு நினைச்சேன்.”

அல்பார்ஸ்தி பிரசவ வீட்டுக்கு வரும் மஞ்சள் முடிக்காரி. தாயின் ஈரலைத் திருடிக்கொண்டு ஆற்றுக்கு ஓடுவாள். சத்தம்தான் அவளுக்கு ஆகாது. எந்த ஆணாக இருந்தாலும் அந்த நிலையில் இதைத்தான் செய்திருப்பான். செய்யாமல் விட்டவனைத்தான் பின்னால் பேசுவார்கள். பெர்மெட்டுக்கு அது தெரியும். தெரிந்தும் அவனைக் கொப்பரைக்குள் போட்டு மூடலாம் போல இருந்தது.

“அல்பார்ஸ்தியும் வரல, அவ அக்காவும் வரல! உங்கம்மாவோட இரும்பை வாசிச்சுக்கிட்டிருந்தேன். நல்லாப் பிடிச்சு வச்சிருந்தேன், கெடுத்துட்டீங்க!”

“அதையா? நீயா?” குரல் சுவரருகே வந்தது. “சரி, சரி, அப்ப உடனே வாசி! அந்தப் பொண்ணு கத்தறாளே!”

“கத்தட்டும். இப்ப வாசிக்க மாட்டேன்.”

“பைத்தியமா உனக்கு?”

“அக்கா, வாசி,” என்று நஸிகத் அழுதாள். “வாசிடி பாவி! என்மேல என்ன பகை உனக்கு? உன் சால்வைய நான் துவைச்சுச் சுருக்கினதுக்கா?”

“இப்ப முடியாது, கண்ணு. கொஞ்சம் பொறு.”

“பெர்மெட்!” சுவரை அவன் கையால் அறைந்தான். “அம்மா இப்படியா நின்னு வேடிக்கை பார்த்தாங்க? நீ கத்தின உடனே வாயில வச்சாங்க! ஒரு நொடி தாமதிக்கல!”

“அதுதான்!” என்று கத்தினாள் பெர்மெட். “அதுதான் அவங்க பண்ணின தப்பு! ஒரு நொடி பொறுத்திருக்கணும். வலி விட்டப்புறம் வச்சிருக்கணும். வலியில வச்சாங்க. நடுப்பகல்ல இருந்து பொழுது சாயற வரைக்கும் நான் அந்த வலியிலயே நின்னேன்!”

நஸிகத் முனகினாள். பெர்மெட் அவள் நெற்றியைத் துடைத்தாள்.

“உனக்கு ஒண்ணும் தெரியலைன்னு…” என்றது கம்பளிச் சுவர்.

“உங்கம்மா சொன்னாங்க. என்னை யாரு கேட்டா?”

“நான்… ஒவ்வொரு விருந்திலயும் நானே அந்தக் கதையைச் சொன்னேனே. நீ பக்கத்திலதானே இருந்தே. கிண்ணத்தைக் கையில வச்சுக்கிட்டு.”

“இருந்தேன்.”

“சொல்லியிருக்கலாமே, பெண்ணே.”

“எப்படிச் சொல்றது? என் பிள்ளைய எனக்குக் கொடுத்தவங்க அவங்க. வாய் கிழிஞ்சு ரத்தம் கொட்டக் கொட்ட வாசிச்சவங்க. அவங்ககிட்டப் போய் என்னன்னு சொல்றது? உங்ககிட்டதான் என்னன்னு சொல்றது?”

ஒரு வலி ஏறி இறங்கியது.

“நான் என்ன செய்யணும்? சொல்லு.”

அவன் ஒருநாளும் அவளிடம் அப்படிக் கேட்டதில்லை. அதை வைத்து மனம் நெகிழ நேரமில்லை.

“ஆத்துப் பக்கம் இறங்கிப் போங்க. இங்க நின்னு ஒரு சத்தம் போட்டாலும் பிடி விட்டுடும். வழியில அனார்கானைப் பார்த்தா கூட்டிக்கிட்டு வாங்க. குதிரையெல்லாம் தூரத்தில நிறுத்திடணும். வாசல்ல நின்னு யாரும் கூப்பிடக் கூடாது. அவ திரையைத் தூக்கிக்கிட்டு நேரா உள்ள வரட்டும். நாயையும் கூட்டிக்கிட்டுப் போங்க.”

“சரி.”

“சத்தம் கூடாது.”

“கூடாதுன்னா கூடாது.” குளம்படி இறங்கிப் போயிற்று. பிறகு அவன் குதிரையிடம்கூடக் கிசுகிசுவென்று பேசுவது காற்றில் கேட்டது.

வலிகள் இப்போது நெருங்கி வந்தன. பெர்மெட் எண்ணிப் பார்த்தாள். இறுகியது விடுவதற்கும் மறுபடி இறுகுவதற்கும் நடுவே முப்பது எண்ணக்கூட இடமில்லை. இரண்டு இடைவெளியைக் கோட்டைவிட்டாள். ஒருமுறை உதடு காய்ந்து இரும்பு வழுக்கியது. மறுமுறை வயிறு பாதிதான் இளகியது. தட்ட ஓங்கிய விரலை மடக்கிக்கொண்டாள். குழந்தையின் கால் முழங்கால்வரை வந்திருந்தது, நீலம் பாரித்து. இன்னும் எத்தனை இடைவெளி பாக்கி என்று அவளுக்குத் தெரியாது. ஒன்றாக இருக்கலாம்.

“என்னைச் சாகடிக்கப் பார்க்கறே,” என்றாள் நஸிகத். கத்தக்கூடத் தெம்பில்லை.

“இல்லடி.”

“நீ அவர்கிட்டக் கத்தினது… அந்த வலியில நின்னது… நிஜமா?”

“நிஜம்.”

நஸிகத் கண்ணைத் திறந்து அவளைப் பார்த்தாள். “அப்ப பொறுத்துக்கறேன்,” என்றாள். “நீ பார்த்துச் செய்.” வலி ஏறியது. அவள் பெர்மெட்டின் பாவாடை நுனியைப் பல்லில் கடித்துக்கொண்டாள். ஏறியது, நின்றது, முழங்காலின் கீழே கல் இளகத் தொடங்கியது. பாதி. இன்னும் கொஞ்சம். இப்போது மாவு. நஸிகத்தின் வாயிலிருந்து துணி நழுவியது.

“அக்கா, எனக்குக் கொஞ்சம்—”

தட்டினாள்.

அதற்கப்புறம் பெர்மெட்டுக்கு வெயில் வட்டமே துணை. அது மருந்துப் பைக் கழியைத் தாண்டி, கம்பளத்தை விட்டு மேலேறி, மரப் பின்னல் சுவரில் கட்டம் கட்டமாக ஏறியது. எட்டாவது கட்டத்தில் கீழுதடு பிளந்தது. பதினோராவதில் முன்பல்லின் முனை ஒன்று பெயர்ந்து நாக்கில் கரகரத்தது. துப்பவும் முடியாது, விழுங்கினாள். விரல் நுனி மரத்து, பிறகு எரிந்து, பிறகு யாருடைய விரலோ ஆயிற்று. மாமியாரின் நினைவு வந்தது. இதே போலத்தான் உட்கார்ந்திருப்பாள், இதே ருசிதான் வாயில் இருந்திருக்கும். அவளும் ஒருத்தியைக் காப்பாற்றத்தான் வாசித்தாள். பெர்மெட் முதல்முறையாக அந்தப் பக்கத்திலிருந்து பார்த்தாள். ஆத்திரம் தீர்ந்துவிடவில்லை, பக்கத்தில் இன்னொன்றும் வந்து உட்கார்ந்துகொண்டது.

உடம்பைவிட மனம்தான் அதிகம் படுத்தியது. நஸிகத்தின் முகம் தெளிவாக இருந்தது. புருவம் சுருங்கவில்லை. ஆனால் தன் முகமும் தூங்குவதுபோல்தான் இருந்ததாமே? முகத்தை எப்படி நம்புவது? உள்ளே இவள் விழித்துக்கொண்டு, கத்த வாயில்லாமல் நிற்கிறாளோ? ஒரே ஒரு நொடி நிறுத்தி, “வலிக்குதா?” என்று கேட்டுவிட்டால்? விரல் தயங்கியது. ஒரு மூச்சு. இரண்டு. கெண்டியின் ஆவி நுனி லேசாக அசைந்தது. நிறுத்தினால் அடுத்த வலி காத்திருக்கிறது. அதற்கப்புறம் இன்னொரு இடைவெளி கிடைக்குமோ என்னவோ. மூன்றாவது மூச்சில் தட்டிவிட்டாள். முழங்காலை அழுத்தாமல் ஒட்டி வைத்தாள். இளக்கம் இருந்தது. அதை ஒன்றைத்தான் நம்ப முடிந்தது, அதை நம்பினாள்.

வெயில் வட்டம் மஞ்சளாகி, செம்பாகி, கூரைக் கழிகளில் ஏறி மெலிந்தது.

வாசல் திரை எப்போது தூக்கப்பட்டது என்று அவளுக்குத் தெரியாது. தலையைத் திருப்பியபோது அங்கே ஒரு குண்டுப் பெண்மணி, இடுப்புவரை நனைந்து, கையில் பையோடு, வலதுகாலை உள்ளே வைத்து இடதுகாலை வெளியே விட்டபடி நின்றுகொண்டிருந்தாள். வாய் எதற்கோ திறந்திருந்தது. பெர்மெட் அவளைப் பார்த்துக்கொண்டே இன்னும் நாலு தட்டு தட்டினாள். யாரிவள், ஏன் நகராமல் நிற்கிறாள் என்று யோசித்தாள். பிறகுதான் மூளை விழித்தது. இரும்பை இழுத்தாள். உதட்டுத் தோலும் கூடவே வந்தது.

“—எங்கேடி அவ?” என்று அனார்கான் உள்ளே வந்தாள்.

“—தண்ணி கொடேன்,” என்றாள் நஸிகத்.

பெர்மெட் தண்ணீரை எடுக்கவில்லை. ஓரகத்தியின் முகத்தை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டாள். “வலி… உள்ள… வலிச்சுதா?” சொற்கள் வாயில் உருண்டு குழைந்தன.

“எங்கே வலிச்சுது?” நஸிகத் புரியாமல் விழித்தாள். பிறகு கண்கள் மெல்ல வேறெங்கோ போயின. “இரு. ரொம்ப நேரம் ஆச்சு இல்ல? ஆமா. ரொம்ப நேரம். நல்லா இருந்துச்சு அக்கா. வெயில்ல காஞ்ச புல்லுமேல படுத்திருக்கற மாதிரி. நீ பக்கத்துல இருந்தே. நாள் முழுக்கத் தூங்கி எழுந்த மாதிரி இருக்கு. அய்யோ, உன் வாய்க்கு என்ன ஆச்சு?”

“வாய்க்கதை அப்புறம்,” என்றாள் அனார்கான், ஈரக் காலணியைக் கழற்றி எறிந்து. “சுடுதண்ணி எங்கே? நீ காலை மடக்கு. ஓய்வெடுத்த உடம்பாத்தான் இருக்கு, நல்லது. பெர்மெட், முதுகைப் பிடிச்சுக்கோ. என்னடி, பேசாம இருக்கே? உலகம் அழியப் போகுதா?”

வலி வந்தது. இந்த முறை நஸிகத்திடம் அதற்கு ஈடுகொடுக்கத் தெம்பு இருந்தது. அனார்கான் திட்டினாள், கொஞ்சினாள், கையை உள்ளே விட்டுத் திருப்பினாள். இன்னொரு கால் வந்தது, இடுப்பு வந்தது, தோள் வந்தது. தலை மட்டும் நின்று எல்லாருடைய மூச்சையும் நிறுத்திவைத்தது. பிறகு அதுவும் வந்தது. பெண். நீலமாக இருந்தது, அனார்கான் தலைகீழாகப் பிடித்து முதுகில் தட்டினாள். அது தும்மியது. தும்மிவிட்டு, தன்னை எழுப்பியவர்கள்மேல் இருந்த கோபத்தையெல்லாம் ஒரே அலறலில் கொட்டியது.

வெளியே சற்றுத் தள்ளி நின்று இரண்டு ஆண்கள் அடக்கிய குரலில் கேட்டார்கள்: “இப்பச் சத்தம் போடலாமா?”

“போடுங்கடா!” என்றாள் அனார்கான். கொப்பரை மறுபடி அதிர்ந்தது. மக்ஸத் அழுதானா சிரித்தானா என்று தெரியாத ஒரு ஓலம் அதற்கு மேல் கேட்டது.

பிள்ளையைத் துடைத்துச் சுற்றியதும் அனார்கான் கிண்ணத்தில் மஞ்சள் வெண்ணெயை உருக்கிக் கொண்டுவந்தாள். தாய்ப்பாலுக்கு முன் பிள்ளையின் வாயில் ஒரு விரல் வெண்ணெய். யார் வைக்கிறார்களோ அவர்கள் குணம் பிள்ளைக்கு வரும்.

“அக்கா வைக்கட்டும்,” என்றாள் நஸிகத்.

பெர்மெட் தலையை ஆட்டி மறுத்தாள். தன் வாயைக் காட்டினாள், ரத்தம் காய்ந்த விரலைக் காட்டினாள்.

“கையைக் கழுவிக்கிட்டு வை,” என்றாள் நஸிகத். “வாயாடியா வளர்ந்தாலும் பரவாயில்லை. பொறுத்துச் செய்யறவளாவும் வளருவா.”

அவள் கழுவிக்கொண்டு வைத்தாள். பிள்ளை விரலைச் சப்பியது. மரத்துப்போன விரல் நுனியில் அந்தச் சின்ன இழுப்பு மட்டும் எப்படியோ தெரிந்தது.

அனார்கான் தேநீர் குடிக்க வெளியே போனாள். பிள்ளை மார்பில் பற்றிக்கொண்டதும் நஸிகத் ஒரு கையை நீட்டி, கிண்ணத்தில் மீந்த வெண்ணெயைத் தொட்டு, பெர்மெட்டின் கிழிந்த உதட்டில் தடவினாள். எரிந்தது, பிறகு ஆறியது.

“இப்பச் சொல்லு,” என்றாள்.

“என்னத்த?”

“உனக்கு எப்படி இருந்துச்சுன்னு. அந்த நாள். எனக்கு எங்கேயும் போகற வேலை இல்லை.”

“பிள்ளை பெத்த உடம்பு, தூங்குடி. பச்சை உடம்போட கேட்கற கதையில்ல.”

“தூங்கியாச்சு. நீ தூங்க வச்சே. சொல்லு.”

பெர்மெட் பாவாடை நுனியால் வாயைத் துடைத்தாள். பிள்ளையின் பாதத்தைத் துணிக்குள் இழுத்துவிட்டாள். பிறகு கால் நீட்டி, பெட்டியில் சாய்ந்து உட்கார்ந்தாள்.

“முதல்ல,” என்று வீங்கிய வாயால் ஆரம்பித்தாள், “ஒண்ணுமே வித்தியாசம் தெரியல. வலிதானே, இறங்கிடும்னு நினைச்சேன். இறங்கலை…”